கற்பிக்காத கல்விக்குக் கட்டணமா?

தோட்டத்திலே கொழுந்து குறைந்தால் தொழிலாளிக்கு அரைப்பேர். வேலைக்கேற்ற கூலி என்று துரைமார் நமக்குச் சொல்லித்தந்த நியாயம் அது. ஆனால் அதே தொழிலாளியின் மகள் அட்டனிலோ நுவரெலியாவிலோ ஒரு தனியார் கல்வி நிலையத்தில் ஓராண்டுப் பயிற்சிக்குப் பணங்கட்டி, மூன்றாம் வாரமே விலக நேர்ந்தால், முழுக் கட்டணமும் நிலையத்துக்கே உரியதாம்! கற்பிக்காத பதினொரு மாதங்களுக்கும் முழுப்பேராம்! இது எந்த ஊர் நியாயம் என்று கேட்கிறோம்.

பெருந்தோட்டத் தொழிலாளியின் நாட்சம்பளம் 2021 இல் 1,000 ரூபாவாகவும் 2024 இல் 1,350 ரூபாவாகவும் நிர்ணயிக்கப்பட்டது. கட்டணம் 50,000 ரூபா என்று வைத்துக்கொண்டாலும், உண்ணாமல் உடுக்காமல் சேர்த்த 37 நாட் கூலி அது. அடகுக்குப் போன தோடு அது. "செலுத்திய பணம் எக்காரணம் கொண்டும் திருப்பித் தரப்படமாட்டாது" என்று படிவத்தின் அடியில் பொடியெழுத்தில், அதுவும் ஆங்கிலத்தில், ஒரு வரி அச்சிட்டுவிட்டால் அத்தனையும் விழுங்கப்பட்டுவிடுமா? 1987 இன் 13ஆம் திருத்தம் தமிழையும் அரசகரும மொழியாக்கியது. தமிழ்ப் பெற்றோரின் பணத்தை வாங்கும் படிவத்துக்கு மட்டும் தமிழ் ஆகாதோ?

சோம்பலினாலா நம் பிள்ளைகள் விலகுகிறார்கள்? தாய் நோயில் விழுகிறாள். தோட்டத்தில் வேலைநாள் குறைகிறது. பல்கலைக்கழக அனுமதிக் கடிதம் பிந்தி வருகிறது. இவற்றுள் எது குற்றம்?

சட்டம் முற்றிலும் வெறுங்கையுடன் நிற்கவில்லை. 1989 இன் திருத்தச் சட்டப்படி முழுவயது 18. சாதாரண தரம் எழுதிவிட்டு வரும் பதினாறு வயதுப் பிள்ளை பெற்றோரோ பாதுகாவலரோ துணைநில்லாமல் இட்ட கையொப்பம் அப்பிள்ளையைக் கட்டாது என்பது நம் நாட்டில் வழங்கும் உரோம-டச்சுச் சட்டத்தின் பழைய விதி. பொய் சொல்லிச் சேர்த்திருந்தால் ஒப்பந்தத்தையே தள்ளுபடி செய்யக் கோரலாம். தொழிற்பயிற்சி நிலையங்கள் 1990 இன் 20ஆம் இலக்கச் சட்டத்தின் கீழ், மூன்றாம் நிலை மற்றும் தொழிற்கல்வி ஆணைக்குழுவிலே பதிவு பெறவேண்டும். பணம் கட்டுமுன் அந்தப் பதிவைக் காட்டும்படி கேளுங்கள், பற்றுச்சீட்டைப் பத்திரப்படுத்துங்கள், விலகுவதாயின் திகதியிட்டு எழுத்திலே அறிவியுங்கள். மூலச் சான்றிதழை மட்டும் எவரிடமும் ஒப்படைக்காதீர்கள். பரீட்சைத் திணைக்களம் பிள்ளைக்கு வழங்கிய சான்றிதழ் கடன்காரன் பிடித்துவைக்கும் அடகுப்பொருளன்று.

ஆனால் தானாக விலகும் மாணவனுக்கு எத்தனை பங்கு திரும்பவேண்டும்? அண்டை நாட்டைப் பாருங்கள். இந்தியப் பல்கலைக்கழக மானியக் குழு 2018 அக்டோபரில் ஒரு கணக்கு வகுத்தது. அனுமதிக்கான இறுதி நாளுக்குப் பதினைந்து நாள் முன்னரே விலகினால் முழுக் கட்டணமும் திரும்பும். நடைமுறைச் செலவாக 5 வீதம், அதுவும் 5,000 ரூபாவுக்கு மேற்படாமல், கழிக்கலாம். அதன்பின் இறுதி நாள்வரை 90 வீதம்; இறுதி நாள் கடந்து பதினைந்து நாளுக்குள் 80; முப்பது நாளுக்குள் 50; அதற்கப்பால் ஒன்றுமில்லை. மூலச் சான்றிதழ்களை நிறுவனம் வைத்துக்கொள்ளவும் கூடாது.

"ஆசிரியருக்குச் சம்பளமும் கட்டடத்துக்கு வாடகையும் யார் கொடுப்பது?" என்று நிலையத்தார் கேட்பார்கள். கேள்வி நியாயமானதே. அதனாற்றான் படிப்படியாகக் குறையும் கணக்கைக் கேட்கிறோம். முழுவதையும் எந்நாளும் திருப்பித் தரும்படி கேட்கவில்லை. கல்வியியற் கல்லூரியில் அரசு செலவிற் பயின்று இடையில் விலகுபவரிடம் அரசு பிணைப் பணம் கேட்பதையும் இதனோடு குழப்பவேண்டாம். அங்கே மக்கள் பணம் செலவாகியிருக்கிறது. இங்கே செலவாகாத பணமன்றோ பிடித்துவைக்கப்படுகிறது!

மலையகப் பிரதிநிதிகளே! வீட்டையும் சம்பளத்தையும் பேசும் மேடையில் இதையும் பேசுங்கள். திருப்பிக்கொடுக்கும் கணக்கு சட்டமாகட்டும். படிவம் தமிழில் வரட்டும். சான்றிதழ் பிடிப்பது குற்றமாகட்டும். வழக்கறிஞர்களே, ஆசிரியர்களே! லயத்துப் பிள்ளையின் சார்பில் ஒரு கடிதம் எழுதிக்கொடுக்க உங்களுக்கு அரைமணி நேரம் போதும். 1978 முதல் சட்ட உதவி ஆணைக்குழு இருக்கிறது. 1988 இன் சட்டப்படி அமைந்த மத்தியஸ்த சபைகளும் இருக்கின்றன. வழியைக் காட்டுங்கள்.

பெற்றோரே! கொழுந்துத் தராசிலே ஒரு இறாத்தல் குறைத்தாலும் கங்காணியிடம் கணக்குக் கேட்டவர்கள் நீங்கள். பள்ளித் தராசிலும் கணக்குக் கேளுங்கள்!