சந்திரபாபுவின் கால்கள்

சந்திரபாபுவைப் பற்றி எழுத உட்காருகிறவர்கள் பெரும்பாலும் கைக்குட்டையோடுதான் உட்காருகிறார்கள். 1952இல் ஜெமினி ஸ்டூடியோவில் தற்கொலைக்கு முயன்றது, முறிந்த திருமணம், குடி, கடன், பாதியில் நின்ற 'மாடி வீட்டு ஏழை', 1974இல் மரணம். கடைசியில், சிரிக்கவைத்தவன் அழுதான் என்று ஒரு வாசகத்தை ஒட்டிவிட்டால் கட்டுரை தயார். ஜனரஞ்சகப் பத்திரிகைகள் இதைச் செய்வதில் எனக்குப் புகார் இல்லை. அவற்றின் பிழைப்பு அது. நம் வட்டத்திலும் இதே ஒப்பாரிதான் என்பதே என் புகார்.

நடிகனின் உடல் என்ன செய்தது என்று பார்ப்பது விமர்சகன் வேலை. 'சபாஷ் மீனா'வில் (1958) சந்திரபாபுவுக்கு இரண்டு வேஷம். ஒன்று, சிவாஜி கணேசனின் நண்பன். மற்றது, மெட்ராஸ் பாஷை பேசும் ரிக்‌ஷாக்காரன். வித்தியாசம் பாஷையோடு நிற்கவில்லை. நடை, தோள், கழுத்து எல்லாம் வேறு ஆள். கதை 1962இல் 'தில் தேரா தீவானா' என்று ஹிந்திக்குப் போயிற்று. இந்த உடல் போகவில்லை.

மேல்நாட்டுக் காப்பி என்று ஒரு தீர்ப்பும் உண்டு. யோட்லிங்கும் ராக் அண்ட் ரோலும் வெளியிலிருந்து வந்தவைதாம். விட்மனிடம் கடன் வாங்கிப் புதுக்கவிதை செய்த நாம், இந்தத் தீர்ப்பைச் சொல்லக் கொஞ்சம் கூச்சப்பட வேண்டாமா?

தமிழ் சினிமா காமெடியனுக்குக் கொடுத்தது ஒரு 'டிராக்'. கதைக்குப் பக்கத்தில் போட்ட திண்ணை. என்.எஸ். கிருஷ்ணன் அந்தத் திண்ணையையே தன் ராஜ்யமாக்கிக்கொண்டார். அவருடைய பெரிய ஆயுதம் பேச்சு. பேச்சுக்கு மார்பளவு ஃபிரேம் போதும். சந்திரபாபுவுக்குப் போதாது. உடலால் செய்யும் ஹாஸ்யத்துக்குத் தலைமுதல் கால்வரை தெரியவேண்டும். ஷாட்டை நடுவில் வெட்டக்கூடாது. அந்தப் பிடியை விடாமலிருக்கத்தான் சாப்ளின் சொந்த ஸ்டூடியோ வைத்துக்கொண்டார். 1928இல் எம்.ஜி.எம். கம்பெனிக்குள் போன பஸ்டர் கீட்டன் அந்தப் பிடியை இழந்தார்.

ழாக் தாத்தி 'பிளேடைம்' (1967) படத்துக்காக ஒரு நகரத்தையே செட் போட்டுக் கடனில் மூழ்கினார். மண்டபத்தூர்க்காரன் பிரெஞ்சுக்காரனைத்தானே இழுப்பான் என்று சிரிப்பீர்கள். சிரியுங்கள். ஆனால் தாத்தி திவாலானதைக் கலைஞனின் பிடிவாதம் என்று ஃபிலிம் சொசைட்டியில் கொண்டாடுகிற நாம், அதற்கு முந்தின வருஷம், 1966இல், சந்திரபாபு தானே இயக்கி நடித்த 'தட்டுங்கள் திறக்கப்படும்' ஓடாமல் போனதை மட்டும் தலைக்கனத்தின் கூலி என்கிறோம். டைரக்டர் நாற்காலி அவருக்கு அந்தஸ்து அல்ல, தேவை. கால் பேச ஆரம்பிக்கும்போது முகத்துக்குத் தாவுகிற கேமராவை வேறு எப்படி நிறுத்துவது?

அது மகத்தான படம் என்று நான் வாதாடவில்லை. கேள்வி வேறு. கேமரா கைக்கு வந்ததும் அவர் தன் உடலை ஃபிரேமில் எங்கே நிறுத்தினார்? எவ்வளவு நேரம் வெட்டாமல் விட்டார்? படத்தைப் போட்டுப் பார்த்து ஷாட் ஷாட்டாக எழுதுங்கள். தோல்வி என்றால் எந்த இடத்தில் தோல்வி என்று காட்டுங்கள். செத்துப்போய் ஐம்பது வருஷத்துக்கு மேலாகிவிட்ட ஒரு கலைஞனுக்கு நாம் செய்யக்கூடிய மரியாதை அதுதான். அவர் குடித்த கணக்கு நமக்கு வேண்டாம். பாங்கில் கணக்கு எழுதிப் பிழைக்கிறவன் சொல்கிறேன்: அது இந்தப் பேரேட்டில் சேராது.