ஒரு சர்வே எண்ணுக்காக

பிராதில் 114/2 என்ற சர்வே எண் 114/3 என்று தட்டச்சாகிவிடுகிறது. திருத்த மனுவை விசாரணை நீதிமன்றம் அனுமதிக்கிறது. எதிர்த்தரப்பு உயர் நீதிமன்றம் போய்த் தடை வாங்கிவிடுகிறது. சாட்சி சொல்ல வந்த முதியவர், அடுத்த வாய்தாவைத் துண்டுச்சீட்டில் குறித்துக்கொண்டு பேருந்து ஏறுகிறார்.

சீராய்வு கேட்பவருக்குச் சாதகமாக அமைந்திருந்தாலும் வழக்கையே முடித்துவைத்திராத இடைக்கால உத்தரவுகளுக்குச் சீராய்வு கிடையாது என்று, உரிமையியல் நடைமுறைச் சட்டத்தின் 115-வது பிரிவு 2002 ஜூலை 1 முதல் சுருக்கப்பட்டது. ஆனாலும் அரசியலமைப்பின் 227-வது பிரிவு வழியாக அதே மனுக்கள் குவிகின்றன.

அந்த வழியை அடைக்கச் சொல்லவில்லை. விசாரணை தொடங்கிய பின் திருத்தம் கேட்பவர், உரிய கவனத்தோடு இருந்தும் முன்பே கேட்க முடியவில்லை என்று காட்ட வேண்டும் என்கிறது உரிமையியல் நடைமுறைச் சட்டத்தின் கட்டளை 6, விதி 17. இதைப் பாராமல் புதுக்கதை புகுத்த இடம்கொடுக்கும் உத்தரவுகளை உயர் நீதிமன்றம் ரத்து செய்யத்தான் வேண்டும்.

எழுத்துப்பிழை திருத்தம் அந்த ரகமல்ல. உத்தரவு தவறென்றால் இறுதி மேல்முறையீட்டில் சொல்ல அதே சட்டத்தின் 105-வது பிரிவு இருக்கிறது. இத்தகைய உத்தரவுகளை எதிர்த்து உயர் நீதிமன்றம் வரும் மனுக்களை முதல் நாளிலேயே, செலவுத்தொகையோடு தள்ளுபடி செய்யுங்கள். விசாரணைக்கு ஏற்றாலும் கீழ் நீதிமன்ற வழக்குக்குத் தடை கொடுக்காதீர்கள்.