மேற்கெல்லை

எங்கள் மனைப் பத்திரத்தை நூறு தடவையாவது பிரித்துப் பார்த்திருப்பேன். 'கிழமேல் ஜாதியடி 40, தென்வடல் ஜாதியடி 60, ஆக 2400 சதுரடி.' நான்கெல்லை சொல்லும் இடத்தில், மேற்கே பக்கத்து மனைக்காரர் பெயர். அவர் மனைக்குக் கிழக்கு எங்கள் மனை. என் மண் எதுவரை என்பதற்கு அவரைத்தான் அடையாளம் சொல்லியிருக்கிறது பத்திரம்.

என் வீட்டுக்காரர் லாரி ஓட்டினவர். சீட்டுப் பணம், என் வளையல், எல்லாம் போட்டு 1998இல் வாங்கின மனை. தனிப்பட்டாவுக்காகத் தாலுகா சர்வேயர் வந்து சங்கிலி போட்டு அளந்தார், மூலைக்கு மூலை கல் நட்டார். சங்கிலியின் மறுமுனையைப் பிடித்துக்கொண்டு நின்றது யார் தெரியுமா? அவரேதான். அண்ணே என்று கூப்பிட்டு அவருக்கும் காபி கொடுத்தேன். தெருவில் நாலு பேர் நின்று பார்த்தார்கள்.

2007இல் மகள் பிரசவத்துக்குப் போய் நாற்பது நாள் கழித்து வந்தோம். மேற்குப் பக்கத்து இரண்டு கல்லையும் காணோம். எங்கள் மனைக்குள் 3 அடி தள்ளி காம்பவுண்டுச் சுவர் நிற்கிறது. சிமெண்டு ஈரம்கூடக் காயவில்லை. "அளவு அப்பவே தப்பும்மா" என்றார். அப்பவே தப்பென்றால் சங்கிலியை ஏன் பிடித்தீர்கள் அண்ணே?

போலீசுக்குப் போனோம். "இது சிவில் மேட்டர், கோர்ட்டுக்குப் போங்க." அரசாங்கம் நட்ட எல்லைக் கல்லைப் பிடுங்கினால் ஒரு வருஷம் வரை சிறை என்று தண்டனைச் சட்டம் 434ஆம் பிரிவில் இருந்ததாம். எங்கள் வக்கீல் பிறகு சொல்லித்தான் எனக்கே தெரியும். எனக்குத் தெரியாதது சரி. காக்கிச் சட்டைக்குத் தெரியாதா?

அந்த வருஷமே தாவா போட்டோம். கோர்ட்டு அனுப்பின கமிஷனர் 2010இல் சர்வேயரோடு வந்து அளந்தார். அரை நாள் வேலை. 3 அடி ஆக்கிரமிப்பு என்று எழுதினார். தப்பான கல்லிலிருந்து அளந்துவிட்டார் என்று எதிர்த்தரப்பு ஆட்சேபம் போட்டது. கல்லைப் பிடுங்கினவரே கல் சரியில்லை என்கிறார், கோர்ட்டும் கேட்டுக்கொண்டது! 2013இல் வேறு கமிஷனர். அதே 3 அடி.

நடுவே எத்தனை வாய்தா! நீதிபதிக்கு மாறுதல். வக்கீல்கள் பணிப் புறக்கணிப்பு. கேஸ் கட்டு கிடைக்கவில்லை. அவர் வக்கீலுக்கு உடம்புக்கு முடியவில்லை. ஒரு தரப்புக்கு மூன்று வாய்தாவுக்கு மேல் கூடாது என்று சட்டத்திலேயே இருக்கிறதாமே? அந்தச் சட்டப் புத்தகமும் அந்தக் கட்டிடத்துக்குள்தானே இருக்கிறது?

2016இல் என் வீட்டுக்காரர் போய்விட்டார். கருமாதிப் பந்தல் பிரிக்கவில்லை, வக்கீல் குமாஸ்தா போன் பண்ணுகிறார். "90 நாளைக்குள்ள வாரிசுகளைச் சேர்க்கணும்மா, இல்லேன்னா கேஸ் விழுந்துடும்." செத்த மனுஷனுக்காக அழுவதா, வாரிசுச் சான்றுக்குத் தாலுகா ஆபீஸில் நிற்பதா? நின்றேன். அழுவதற்குத்தான் நேரம் கிடைக்கவில்லை.

2019இல் தீர்ப்பு எங்கள் பக்கம். சுவரை இடிக்கச் சொல்லி உத்தரவு. என் வீட்டுக்காரர் படத்துக்கு முன்னால் வைத்துக் கும்பிட்டேன். அப்பீல் போட்டார்கள், ஸ்டே வாங்கினார்கள். நாலு வருஷம் கழித்து அப்பீல் கோர்ட்டு என்ன சொன்னது? எல்லை தெளிவாக நிரூபணம் ஆகவில்லை, மறுபடியும் அளந்து, சாட்சி விசாரித்து, புதிதாகத் தீர்ப்பு சொல்லுங்கள் என்று கீழ்க்கோர்ட்டுக்கே திருப்பி அனுப்பிவிட்டது. மறுபடியும் சங்கிலி! இப்போது எதிர்த்தரப்பு புதிதாக ஒன்று சொல்கிறது. 12 வருஷத்துக்கு மேல் அனுபவத்தில் இருக்கிறோம், இடம் எங்களுக்கே பாத்தியமாம். கேஸ் நடந்த வருஷத்தையெல்லாம் அனுபவக் கணக்கில் எழுதுகிறார்கள். நிற்காது என்கிறார் வக்கீல். அதைச் சொல்லவே இன்னும் எத்தனை வாய்தா?

180 சதுரடிக்கா இந்தப் பாடு, விட்டுத்தொலை என்கிறார்கள் சொந்தக்காரர்கள். அந்த 180 சதுரடியை அவர் ஏன் விடவில்லை என்று ஒருத்தராவது அவர் வாசலில் போய்க் கேட்டீர்களா?

அவர் மேல் இருந்த கோபம்கூட ஆறிப்போச்சு. ஆறாதது உங்கள் மேல்தான், எங்கள் தெருக்காரர்களே. கல் நட்ட அன்றைக்கு நின்ற நாலு பேரையும் ஒவ்வொரு வாசலாகப் போய்ச் சாட்சிக்குக் கூப்பிட்டேன். "எங்களுக்கு ரெண்டு பேரும் வேணும்மா" என்றீர்கள். சுவர் எழுந்தபோதும் ரெண்டு பேரும் வேண்டியிருந்தோமா? என் வீட்டுக்காரரைத் தூக்கிப்போகையில் தோள் கொடுத்தீர்களே, கூண்டேறி ஒரு வார்த்தை சொல்ல மட்டும் ஏன் முடியவில்லை?

அந்த நாலு பேரில் ரெண்டு பேர் இன்னும் இருக்கிறீர்கள். அடுத்த மாசம் வாய்தா. பஸ் செலவு நான் தருகிறேன். எனக்குச் சாதகமாக எதுவும் சொல்ல வேண்டாம். கல் எங்கே இருந்தது என்று மட்டும் வந்து சொல்லுங்கள்.