தொட்டிலுக்கு முன்னே கடன்

என் அக்காவுக்குத் தலைப்பிரசவம். வளைகாப்பு முடித்துத் தாய்வீட்டுக்கு அழைத்து வந்திருக்கிறோம். பிறக்கப்போகும் குழந்தைக்கென்று அவள் எழுதிய பட்டியலைக் கண்டு திகைத்தேன். தள்ளுவண்டி, கொசுவலை மெத்தை, புட்டியைச் சூடாக்கும் கருவி! யாவும் கைப்பேசி விளம்பரங்கள் கற்றுக்கொடுத்தவை. "இதெல்லாம் இல்லாவிட்டால் நாலு பேர் என்ன சொல்வார்கள்?" என்கிறாள். அம்மா தன் சங்கிலியை அடகு வைக்க எண்ணுகிறாள்.

தாயின் அச்சமே இன்று வணிகர்களின் மூலதனம். தாய்ப்பாலுக்கு ஈடென்று கூறிப் பால்மாவு விற்பதைத் தடுக்கவே, அதற்கும் பால்புட்டிக்கும் விளம்பரம் கூடாதென 1992இல் இந்திய அரசு சட்டம் இயற்றியது. மற்றப் பொருள்களுக்கு அத்தகைய வேலி ஏது?

பிள்ளை பிறக்குமுன் எதையும் வாங்காதே என்று பாட்டிமார் சொன்னதை மூடநம்பிக்கை என நகைத்தோம். பலமுறை துவைத்து மென்மையான பழந்துணியே அன்று குழந்தையின் முதல் ஆடை. அம்மாவின் பழஞ்சேலையே தூளி. அதில் கடன் இல்லை.

அக்காவுக்கு இப்போது வேண்டியவை கீரையும் முட்டையும் ஓய்வும் மன அமைதியுமே. அந்தச் சங்கிலி பிரசவ நேரத்து அவசரத்துக்கு இருக்கட்டும் என்று வீட்டில் வாதாடிக்கொண்டிருக்கிறேன். நாளைய பெற்றோராகிய மாணவ நண்பர்களே, உங்கள் வீடுகளிலும் இதைப் பேச வேண்டாமா?