சோறு தாழ்ந்ததா, சாதம் உயர்ந்ததா?

காரைக்காலில் நம் இல்லங்களில் காலையுணவு உண்பதைப் ‘பசியாறுதல்’ என்றே சொல்லி வருகிறோம். சோற்றுக்கு ஊற்றுவது ஆணம். ஆனால் விருந்தினர் முன்னிலையில், படித்த பிள்ளைகளின் வாயில், சோறு ‘சாதம்’ ஆகிவிடுகிறது. ஆணம் வெளியே வரவே நாணுகிறது. இந்தக் கூச்சம் எங்கிருந்து வந்தது?

சாதம் வடமொழிப் பிரசாதத்தின் வழிவந்தது என்பர். வந்ததில் பிழையில்லை. சோற்றைக் கீழே தள்ளிவிட்டு அது மேலே அமர்ந்ததே பிழை.

வடசொல் என்றாலே முகஞ்சுளிக்கும் அன்பர்களும் நம்மிடையே உளர். அண்டையிலுள்ள நாகப்பட்டினத்தில் 1876இல் பிறந்த மறைமலையடிகள், 1916இல் தனித்தமிழ் இயக்கம் கண்டு, வேதாசலம் என்ற தம் பெயரையே மாற்றிக்கொண்டார். அவ்வுறுதி போற்றத்தக்கது. ஆயினும் நம் வீட்டுக் கணக்கையும் சற்றுப் பார்ப்போம். மார்க்கம் வடசொல். சொர்க்கமும் நரகமும் வடசொற்களே. உள்ளமுருகி நாம் சொல்லும் ‘நபிகள் நாயகம்’ என்பதிலுள்ள நாயகமும் அவ்வழி வந்ததுதான். உமறுப்புலவர் சீறாப்புராணத்தை விலாதத்து, நுபுவ்வத்து, ஹிஜ்றத்து என மூன்று காண்டங்களாக வகுத்தார். காண்டங்களின் பெயர் அரபு. காண்டமும் புராணமும் வடமொழி. பாட்டோ பழுதற்ற தமிழ்! இவ்வூர் அம்மையார் பாடிய அற்புதத் திருவந்தாதியின் பெயரிலும் அற்புதம், அந்தம், ஆதி மூன்றும் வடசொற்கள். இவற்றால் தமிழ் கெட்டுவிடவில்லை. வடவெழுத்தை நீக்கி வடசொல்லை ஏற்கத் தொல்காப்பியமே வழிவகுத்திருக்கிறது. இங்கிருந்து அங்கே சென்றவையும் உண்டு. வடமொழியின் ‘மீன’ என்ற சொல் திராவிட மூலத்தது என்பது மொழிநூலார் பலரின் முடிபு. கடலோரத்தில் வாழும் நமக்கு இதில் வியப்பென்ன?

‘உங்கள் தமிழ் அரபு கலந்த தமிழ்’ என்று நம்மை நோக்கிச் சொல்வோர் உளர். தொழுகை, நோன்பு, பெருநாள் ஆகியவை எம்மொழிச் சொற்கள் என அவர்களே கூறட்டும்! ‘விரதம்’ ஊரெங்கும் பரவிய பின்னரும் நம் உம்மாமார் நோன்பை நோன்பென்றே சொன்னார்கள். எவரும் அவர்களுக்குத் தனித்தமிழ் கற்பிக்கவில்லை.

இப்போதோ நம்மவரிலேயே சிலர் தொழுகையை விடுத்து ‘நமாஸ்’ என்கின்றனர். அப்படிச் சொன்னால் மார்க்கப் பற்று மிகுந்துவிடும் என்று எண்ணுகின்றனர் போலும். நமாஸ் அரபுச் சொல்லன்று. பாரசீகத்தினின்று உருது வழியாக வந்தது. திருக்குர்ஆன் கூறுவது ஸலாத். நம் முன்னோர் கூறியது தொழுகை. இரண்டுமல்லாத ஒன்றுக்காக, சாதத்தின் முன் சோறு பட்ட பாட்டைத் தொழுகையும் படவேண்டுமா?