மூன்று மணி நேரம் யாருக்கு?

2023 ஜனவரி 1 முதல் நம் மலேசியாவில் சட்டம் அனுமதிக்கும் வார வேலை நேரம் 48 மணியிலிருந்து 45 ஆகக் குறைந்தது. மிச்சமான மூன்று மணி நேரம் வீட்டுக்குள் வந்தபின் கணவனுக்கா, மனைவிக்கா என்பதைச் சட்டம் சொல்லாது. 'தம்பதிக்குப் பொதுவான பொழுதுபோக்கு வேண்டும்' என்று புத்திமதி சொல்கிறவர்களும் அதைக் கேட்பதில்லை. உதாரணமாக, பினாங்குத் தாவரவியல் பூங்கா வாசலிலிருந்து மலையுச்சிக்குப் போகும் ஜீப் சாலை சுமார் 5 கிலோமீட்டர், நல்ல ஏற்றம். ஞாயிறு காலையில் சேர்ந்து ஏறும் தம்பதியைப் பார்த்தால் பொறாமையாகத்தான் இருக்கும். ஆனால் விடியுமுன் எழுந்து போத்தலில் தண்ணீர் நிரப்பி, பிள்ளைக்கு மாற்றுடை எடுத்துவைத்து, இறங்கி வந்த கையோடு மீன் கழுவ உட்காருபவர் ஒருவர்தான் என்றால், மலையேற்றம் மற்றவருக்கு மட்டுமே பொழுதுபோக்கு.

இது வெறும் ஊகமல்ல. அமெரிக்கத் தம்பதிகளைப் பல ஆண்டுகள் தொடர்ந்து கவனித்து 2002இல் வெளியான ஆய்வு ஒன்று, கணவன் விரும்பி மனைவி விரும்பாத பொழுதுபோக்குகளில் இருவரும் சேர்ந்து ஈடுபடுவது மனைவியின் மனக்குறையோடு பிணைந்திருப்பதைக் கண்டது. கசானா ஆய்வுக் கழகம் கோலாலம்பூரில் எடுத்து 2019இல் வெளியிட்ட கணக்கில், சம்பளமில்லா வீட்டுவேலைக்கும் பராமரிப்புக்கும் பெண்கள் நாளுக்கு 3.6 மணி நேரமும் ஆண்கள் 2.2 மணி நேரமும் செலவிட்டார்கள். சம்பள வேலையில் இருதரப்புக்கும் பெரிய வித்தியாசமில்லை. ஆக, குறைவது பெண்ணின் ஓய்வுதான்.

சேர்ந்து புதிதாக எதையாவது செய்யும் தம்பதிக்கு நெருக்கம் கூடுகிறது என்று உளவியலாளர் ஆர்தர் ஆரன் குழுவினர் 2000இல் காட்டினார்களே என்று கேட்கலாம். உண்மைதான். அங்கே செய்த காரியம் இருவருக்குமே புதிது. ஒருவர் குரு, மற்றவர் எடுபிடி என்ற நிலை இல்லை. 'ஆளுக்கொரு பக்கம் போனால் குடும்பம் என்னாவது' என்பது அடுத்த கேள்வி. பினாங்கின் பாயான் லெப்பாஸ் தொழிற்சாலைகளில் ஷிப்ட் மாறி மாறிப் பார்க்கும் தம்பதிகளுக்கு விடுமுறை ஒரே நாளில் விழுவதே அபூர்வம். அவர்கள் குடும்பம் நடத்தவில்லையா? வாரத்தில் ஆளுக்குச் சில மணி நேரம், கணக்குக் கேட்காத தனி நேரமாக முதலில் ஒதுக்கப்படட்டும். அதன்பின் சேர்ந்து மலையேறுவதா, பாட்டுக் கற்பதா என்பது தானாகப் பேச்சில் வரும்.

வரும் ஞாயிறு எங்கே போவது என்று பேசுமுன், மதியச் சமையல் யாருடையது என்பதைப் பேசி முடித்துவிடுங்கள்.