ஒருங்கிணைப்பது எதோடு?

ஜெனீவாவில் இருக்கும் பன்னாட்டுத் தொழிலாளர் அமைப்புக்கும் காட்டில் வாழும் பழங்குடிகளுக்கும் என்ன தொடர்பு? சட்ட ஆய்வாளர் லூயிஸ் ரோட்ரிகஸ்-பின்யெரோ 2005இல் வெளியிட்ட நூலைப் படிக்கும்வரை எனக்கும் இது விளங்கவில்லை. 1919 முதல் 1989 வரை அந்த அமைப்பு பழங்குடிகளை எப்படிப் பார்த்தது என்பதே நூலின் பொருள்.

தொடர்பு, உழைப்புச் சுரண்டல்தான். காலனி ஆட்சிக்குத் தோட்டத்திலும் சுரங்கத்திலும் ஆள் வேண்டியிருந்தது. சொந்த நிலத்தில் விளைவிப்பவர்கள் கூலிக்கு ஏன் வரப்போகிறார்கள்? எனவே நிலத்தைப் பறித்தார்கள், தலைவரி போட்டார்கள், அடித்து வேலை வாங்கினார்கள். 1930ஆம் ஆண்டின் 29ஆம் உடன்படிக்கை கட்டாய உழைப்பை ஒழிக்கச் சொன்னது. ஆனால் பொதுப்பணி என்ற பெயரில் இடைக்காலத்துக்கு அதை அனுமதிக்கவும் செய்தது.

காலனிகள் விடுதலை பெற்ற பிறகும் அந்தப் பார்வை தொடர்ந்தது என்பதே நூல் முன்வைக்கும் வாதம். 1957இன் 107ஆம் உடன்படிக்கை பழங்குடிகளைப் பின்தங்கிய நிலையில் இருப்பவர்கள் என்றது. படிப்படியாக 'ஒருங்கிணைப்பதே' தீர்வு என்றது. 1958இல் இந்தியா அதை ஏற்றது. அந்த நோக்கைக் கைவிட்டு, தம் வளர்ச்சி எது என்று பழங்குடிகளே முடிவு செய்யும் உரிமையைச் சொன்ன 1989இன் 169ஆம் உடன்படிக்கையை இந்தியா ஏற்கவில்லை. தெற்காசியாவில் நேபாளம் மட்டுமே ஏற்றிருக்கிறது.

என் கேள்வி இதுதான்: ஒருங்கிணைப்பது எதோடு? இங்கே 'பொதுச் சமூகம்' என்று ஒன்று இருக்கிறதா? இருப்பது சாதிப் படிக்கட்டு. அதில் புதிதாக வருபவருக்கு எந்தப் படி கிடைக்கும் என்று சேரி மக்களுக்குத் தெரியும். முன்பணத்துக்காகச் செங்கல் சூளைகளிலும் அரிசி ஆலைகளிலும் முடக்கப்பட்ட இருளர் குடும்பங்கள் 'ஒருங்கிணைக்கப்பட்டவர்கள்'தாமே! 1976லேயே கொத்தடிமை முறையை ஒழித்துச் சட்டம் போட்டாயிற்று. நிலத்தைத் திருப்பித் தராமல் ஆளை மட்டும் மீட்டால், அவர் அடுத்த சூளைக்குத்தான் போவார்.

பழைய 107ஆம் உடன்படிக்கைகூட, பழங்குடிகள் வழிவழியாக வாழும் நிலம் அவர்களுக்கே உடைமை என்று ஏற்கச் சொல்கிறது. கையெழுத்திட்டதையாவது அரசு செய்யட்டும். 2013இல் நியம்கிரியில் 12 கிராம சபைகளும் பாக்சைட் சுரங்கம் வேண்டாம் என்றன, மலை தப்பியது. அவர்கள் யாரிடமும் கருணை கேட்கவில்லை. முடிவெடுக்கும் உரிமையைக் கையில் எடுத்தார்கள். சாதி ஒழிப்பைப் பேசும் நாம் அவர்களோடு நிற்க வேண்டிய இடம் அதுவே.